சுறாக்காரி தொடக்கூடாத சங்கு

விழிஞ்ஞம் கடலில் சுறா உண்டா என்று கேட்கிற எவரையும் எனக்குப் பிடிப்பதில்லை. கேட்பவர்கள் எல்லாரும் ஒரே அச்சு. தலையில் புதுத் தொப்பி, கையில் இளநீர், கோவளத்துக்குப் போகிற வழியில் கொஞ்ச நேரம் வண்டியை நிறுத்தியிருப்பார்கள். உண்டு என்று சொன்னால் முகத்தில் ஒரு சந்தோஷம் வரும். அடுத்த கேள்வி, ஆளைத் தின்னுமா? இருபது வருஷத்துக்கு மேலாக அந்த வளைகுடாவில் கரைசேரும் சுறாக்களின் வயிற்றைக் கிழித்து, உள்ளே என்ன இருக்கிறது என்று எழுதிவைப்பதுதான் என் உத்தியோகம். சாளை பார்த்திருக்கிறேன். கணவாய் பார்த்திருக்கிறேன். பால் பாக்கெட் உறை, ரப்பர் செருப்பின் வார் எல்லாம் பார்த்திருக்கிறேன். மனுஷனைப் பார்த்ததில்லை. தன்னை அவ்வளவு ருசியான பண்டம் என்று நினைத்துக்கொண்டிருப்பது மனுஷன் மட்டும்தான்.

காலையில் வள்ளங்கள் வந்ததும் மணலில் வரிசையாகப் போடுவார்கள். பால் சுறா, தலை இரண்டு பக்கமும் நீண்ட கொம்பன் சுறா, சாக்கு விரித்ததுபோல் கிடக்கும் திருக்கை. பாறையோரத்திலிருந்து சிப்பியும் சிங்கி இறாலும் கூடையில் வரும். யாருக்கும் வேண்டாத பேத்தை மீன் வயிற்றை உப்பிக்கொண்டு ஓரமாகக் கிடக்கும். நான் அளவு நாடாவோடு குனிந்து குனிந்து போவேன். மீன் விற்கிற பெண்கள் என்னை "ஸ்ராவு டீச்சர்" என்பார்கள், மலையாளத்தில் ஸ்ராவு என்றால் சுறா. நான் யாருக்கும் டீச்சர் இல்லை, ஆனால் அந்தப் பட்டத்தில் கேலியும் கிடையாது, அதனால் விட்டுவிட்டேன். கொம்பன் சுறாவின் வயிற்றில் சில நாள் குட்டிகள் இருக்கும், தொப்புள்கொடியோடு. அதைப் பார்க்கும்போது மட்டும் கத்தியைக் கீழே வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் கடலைப் பார்ப்பேன். இப்போது அந்தப் பக்கம் பார்த்தால் பெரிய கப்பல்களும் அதைவிடப் பெரிய கிரேன்களும்தான் தெரிகின்றன.

ஒரு தடவை கரைவலையில் ஒரு திமிங்கலச் சுறா மாட்டிக்கொண்டது. பஸ் அளவுக்கு உடம்பு, கடுகு அளவுக்குப் பல். தண்ணீரை வடிகட்டிப் பொடிப்பொடி ஜீவன்களைத் தின்கிற பரம சாது. வலைக்காரர்கள் சொந்த வலையை அறுத்து அதை விடுவிக்கப் பாடுபட்டுக்கொண்டிருந்தார்கள். அதற்குள் ஒரு டிவி சேனல்காரன் வந்து "கொலயாளி ஸ்ராவு" என்று மைக்கில் அலற ஆரம்பித்துவிட்டான். அவன் பின்னால் நூறு பேர் மூச்சுத் திணறுகிற அந்தப் பிராணியோடு செல்ஃபி எடுத்தார்கள். அன்றைக்குக் கரையில் இருந்த ஜீவராசிகளிலேயே ஆபத்தில்லாதது அதுதான்.

இதெல்லாம் வெளியாட்களின் மடமை. வீட்டு மடமைக்கு முன்னால் இது ஒன்றுமே இல்லை.

எங்கள் வீடு வலியசாலையில், கோயில் தெருவில். முன்கட்டு பெரியப்பாவுக்கு, பின்கட்டு அப்பாவுக்கு, நடுவில் பொதுவாக பூஜையறை. நான் எம்.எஸ்ஸி. முடித்து மீன்களைப் படிக்கிற வேலைக்குப் போனதும் பெரியம்மா ஒரு சட்டம் போட்டாள். வாசல் வழியாக வரக்கூடாது. கொல்லைச் சந்து வழியாக வந்து, கிணற்றடியில் குளித்து, துணியை அங்கேயே நனைத்துவிட்டுத்தான் உள்ளே வரவேண்டும். பூஜையறைப் பக்கம் தலைகாட்டவே கூடாது. மற்ற பெண்களுக்கு மாதத்தில் மூன்று நாள் தூரம், எனக்கு மாதம் முழுக்க. தெருவில் எனக்குப் பெயர் சுறாக்காரி. அப்பா தன் அண்ணனுக்கு எதிராக எதற்குமே பேசியவர் இல்லை.

பெரியப்பா ஓய்வுபெற்ற ஆடிட்டர். தெருவில் பாதிப் பேருடைய வரியைக் குறைத்துக் கொடுத்த புண்ணியவான். அவருக்கு நெஞ்சில் ஏதோ படபடப்பு என்று டாக்டர் மாத்திரை எழுதிக் கொடுத்தார். தேன் நிறத்தில் பளபளவென்று கேப்சூல். அந்தப் புட்டி பூஜையறை மாடத்தில் பஞ்சபாத்திரத்துக்குப் பக்கத்திலேயே இருந்தது. ஒருநாள் ஜன்னல் வழியாக லேபிளைப் படித்துவிட்டு, "பெரியப்பா, இது மீன் எண்ணெயாக்கும்" என்றேன்.

"மருந்துக்கு தோஷம் கெடயாது" என்றார், கண்ணைத் திறக்காமல்.

அதை முழுங்கிவிட்டு அவர் விடுகிற ஏப்பத்தில் விழிஞ்ஞமே வீட்டுக்குள் வந்துவிடும். கிணற்றடியில் இரண்டு சோப்புப் போட்டுக் குளித்துக்கொண்டிருக்கிற எனக்கு அது நன்றாகத் தெரியும், வாசனை பிடிப்பது என் தொழிலில் பாதி. ஆனால் மீன் வாடை என் மேல்தான் அடிக்கிறது என்று பெரியம்மா தினமும் சொல்லிக்கொண்டிருந்தாள்.

அந்தப் பூஜையறையின் ராணி ஒரு சங்கு. தாத்தா கடைசிக் காலத்தில் ராமேஸ்வரம் போனபோது வாங்கிவந்தது. வலம்புரி. சாதாரணச் சங்கின் வாய் ஒரு பக்கம் திறந்திருக்கும் என்றால் இதன் வாய் அதற்கு நேர் எதிர்ப்பக்கம். லட்சத்தில் ஒன்றுதான் அப்படிப் பிறக்கும் என்பார்கள், அதில் லட்சுமியே குடியிருக்கிறாள் என்பார்கள். எங்கள் வீட்டில் அதைப் பற்றி ஆளுக்கொரு கதை. தாத்தா கனவில் கடலரசன் வந்தான் என்பார் பெரியப்பா. ஒரு சாமியார் காசே வாங்காமல் கொடுத்தார் என்பாள் பெரியம்மா. கடையில் வாங்கினார் என்று மட்டும் யாரும் சொல்லமாட்டார்கள். பட்டுத் துணியில் சுற்றி வெள்ளிப் பெட்டிக்குள் வைத்திருப்பார்கள். வெள்ளிக்கிழமை மட்டும் வெளியே எடுத்துப் பாலபிஷேகம்.

அந்த அபிஷேகத்தைச் செய்ய உரிமை மூத்த மருமகளுக்குத்தான். அம்மா இளைய மருமகள். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து பெரியம்மாவுக்குப் பின்னால் பூத்தட்டைப் பிடித்துக்கொண்டு நிற்பது அவள் வேலை. பெரியம்மாவுக்குக் காய்ச்சல் வந்த வெள்ளிக்கிழமைகளில் சங்கு பெட்டிக்குள்ளேயே இருந்ததே தவிர, அம்மா கைக்கு வரவில்லை. அம்மா இதைப் பற்றிக் குறைசொல்லி நான் கேட்டதில்லை. ஆனால் வெள்ளிக்கிழமை ராத்திரிச் சாப்பாடு அவளுக்குச் சரியாக இறங்காது. எனக்கோ ஒரு நத்தை ஓட்டுக்கு இவ்வளவா என்று எரிச்சலாக இருக்கும். உயிரோடு இருக்கும்போது மணலுக்குள் புழுவைத் தேடித் தின்கிற நத்தை அது. அதன் எலும்புக்கூட்டுக்குப் பட்டுத்துணி, அதன் உறவுக்காரர்களை அளந்து பார்க்கிற எனக்குக் கிணற்றடி.

அப்பா போன பிறகு பெரியப்பாவுக்கு ஒரு யோசனை வந்தது. வீட்டை முழுக்க இடித்துவிட்டு, கோயிலுக்கு வருகிறவர்கள் தங்க அறை அறையாகக் கட்டி வாடகைக்கு விடவேண்டும். அப்பா பின்கட்டை அம்மாவின் பெயருக்கு எழுதிவைத்திருந்தார், அதனால் அம்மாவின் கையெழுத்து வேண்டும். நான் அப்போது கம்ப்யூட்டர் கம்பெனிகள் நிறைந்த கழக்கூட்டத்தில் ஒரு ஃப்ளாட்டில் இருந்தேன். ஞாயிற்றுக்கிழமை வரச்சொல்லி ஆள்விட்டார்கள். கூடத்தில் எல்லாரும் உட்கார்ந்திருந்தார்கள், எனக்குக் கதவோரத்தில் ஒரு ஸ்டூல்.

ஒன்று சொல்லவேண்டும். பெரியப்பா அம்மாவிடம் நேராகப் பேசியதே கிடையாது. தம்பி பெண்டாட்டியிடம் பேசுவது முறையில்லையாம். அவர் பெரியம்மாவிடம் சொல்வார், பெரியம்மா ஒரு முழம் தள்ளி நிற்கிற அம்மாவிடம் அதையே திருப்பிச் சொல்வாள். காது கேட்கிற மூன்று பேர் இப்படியே நாற்பது வருஷத்துக்கு மேல் காலம் தள்ளினார்கள். அன்றைக்கு அவர் அம்மாவைப் பார்த்து நேராகப் பேசினார்.

"கேட்டியாம்மா, ஆம்ங்கறது, வீடுங்கறது, வெறும் கல்லும் மண்ணுமாக்கும். நீ எப்படியும் பொண்ணோட போயி இருக்கப்போறே. பின்னே உனக்கு இந்தப் பின்கட்டு எதுக்கு? லட்சுமி உன்னோட வரட்டும். சங்கை நீ எடுத்துக்கோ. கட்டடத்தை நான் பாத்துக்கறேன்."

அம்மாவின் முகத்தை நான் பார்த்தேன். அவள் காதில் விழுந்தது வீடு அல்ல. இத்தனை வருஷம் தட்டுப் பிடித்தவளைக் கூப்பிட்டு, மூத்தவளுடைய உரிமையைத் தூக்கிக் கொடுக்கிறார்கள். பெரியம்மா வேறு கண்ணைத் துடைத்துக்கொண்டு, "எனக்கு மனசு கேக்கலை, ஆனா அவர் சொன்னா செரி" என்றாள். அம்மா எழுந்து அவர்கள் இரண்டு பேருக்கும் நமஸ்காரம் பண்ணிவிட்டாள்.

பெட்டியைத் திறந்து, பட்டை விலக்கி, வெள்ளித் தட்டில் சங்கைக் கொண்டுவந்து வைத்தார்கள். முற்றத்து வெளிச்சம் நேராக அதன்மேல் விழுந்தது. நான் அதை முதன்முதலாக வெளிச்சத்தில் பார்த்தது அப்போதுதான். தோள்பட்டையில் முண்டு முண்டாகப் புடைப்பு. கீழே வால் மாதிரி நீண்டு போகிறது. ஓரம் மெல்லியதாக, உள்ளே பழுப்பு ரேகைகள். எழுந்து போய்க் கையில் எடுத்தேன்.

கூடத்தில் கூச்சல் கிளம்பியது. நான் அதைக் காதில் வாங்காமல் சங்கின் வாய்க்குள் விரலை விட்டுத் தடவினேன். நம் கடலில் கிடைக்கிற சங்கில் உள் தண்டில் மடிப்பு மடிப்பாக வரப்பு இருக்கும், வலம்புரியானாலும் இடம்புரியானாலும் அது இருந்தே தீரும். இதில் வழவழவென்று இருந்தது. கனமும் போதவில்லை.

"இது சங்கே இல்லை" என்றேன். "இது அமெரிக்காக் கடல்ல கெடைக்கற ஒரு நத்தை. அந்த ஊர்ல எல்லாமே இப்படி எதிர்ப்பக்கமாத்தான் திரும்பியிருக்கும், அபூர்வமே இல்லை. அதை இங்க கொண்டுவந்து வலம்புரின்னு விக்கறா. தாத்தாவை யாரோ ஏமாத்தியிருக்கா. அம்மா, கையெழுத்துப் போடாதே."

பெரியப்பா சிரித்தார். "சொறா வயத்துல கைய விடறவளுக்கு லட்சுமி எங்கேந்து தெரியும்?"

"காதுல வெச்சுப் பாருடி, ஓம்னு கேக்கும்" என்றாள் பெரியம்மா.

அவள் காபி குடித்து வைத்திருந்த டம்ளரை எடுத்து என் காதில் வைத்துக்கொண்டு, "இதுலயும் ஓம் கேக்கறது பெரியம்மா, நாளைலேருந்து இதுக்கும் பாலபிஷேகம் பண்ணுங்கோ" என்றேன். அது தேவையில்லாத வாய்தான். ஆனால் வேறு எப்படிப் பேசினாலும் அங்கே ஒன்றும் ஏறியிருக்காது. ஆயுசு முழுக்க மற்றவர்களின் கணக்கில் பொய்யைத் தேடிக் கண்டுபிடித்த மனிதர், தன் வீட்டு மாடத்தில் இருந்ததை ஒரு தடவை கவிழ்த்துக்கூடப் பார்த்ததில்லை. பார்க்கத் தெரிந்த ஒருத்தியையும் பூஜையறைக்கு வெளியே நிறுத்திவைத்தார்கள். அவர்களுடைய மடி ஆசாரம்தான் இத்தனை வருஷம் அந்தப் போலியைக் காப்பாற்றியது.

நான் அம்மாவைப் பார்த்தேன். அவள் அழுதுகொண்டிருந்தாள்.

"தொட்டுட்டியேடி" என்றாள். "என் கைக்கு வர நேரத்துல தொட்டுட்டியே."

சங்கு போலியா நிஜமா என்பது அவளுக்கு விஷயமே இல்லை. வாத்தியாரைக் கூப்பிட்டு, பஞ்சகவ்யம் தெளித்து, மந்திரம் சொல்லி, என் கை பட்ட தோஷத்தைக் கழித்தார்கள். எல்லாம் முடிந்து சாயங்காலம் அம்மா நிதானமாக, அழகான தன் கையெழுத்தைப் போட்டாள். வரும் தை வரைக்கும் கட்டடத்தில் கை வைக்கமாட்டேன், உன் சாமானெல்லாம் பின்கட்டிலேயே இருக்கட்டும் என்று பெரியப்பா பெருந்தன்மையாகச் சொன்னார்.

அம்மா கழக்கூட்டத்துக்கு வந்தாள். ஃப்ளாட்டில் சமையலறை மேல்தட்டைக் காலிபண்ணிச் சங்குக்குக் கொடுத்தோம். முதல் நாளே சட்டம் சொல்லிவிட்டாள், அந்தத் தட்டுப் பக்கம் என் கை போகக்கூடாது. என் வீட்டு வாடகை, என் வீட்டு மேல்தட்டு. வெள்ளிக்கிழமை விடியற்காலையில் எழுந்து குளித்து, தானே பெட்டியைத் திறந்து, தானே பால் ஊற்றி, தானே கற்பூரம் காட்டுவாள். பின்னால் தட்டுப் பிடிக்க ஆள் கிடையாது. அவள் முகத்தில் அன்றைக்கெல்லாம் ஒரு வெளிச்சம் இருக்கும். அதைப் பார்த்துத்தான் நான் வாயை மூடிக்கொண்டேன். கையெழுத்துப் போட்டது போட்டதுதான், இனி சண்டை போட்டு யாருக்கு என்ன லாபம்?

மற்ற ஆறு நாளும் அவளுக்கு அந்த ஊரில் ஒன்றும் இல்லை. கதவைத் திறந்தால் லிஃப்ட். வாசலில் கோலம் போட்டால், அரிசிமாவுக்கு எறும்பு வருகிறது என்று அசோசியேஷன்காரர்கள் கேட்டார்கள். கழுத்தில் கம்பெனி அட்டையோடு திரிகிற பிள்ளைகள் அவளிடம் மலையாளத்தில் "அம்மே" என்று சொல்லிவிட்டு அடுத்த நொடி ஃபோனுக்குள் போய்விடுவார்கள். பால்கனியில் உட்கார்ந்து நெடுஞ்சாலையைப் பார்ப்பாள். "கொல்லையில கறிவேப்பிலை தளிர் விட்டிருக்கும்" என்பாள் திடீரென்று. "தைக்குள்ள ஒரு தடவை போயி நாலு நாள் இருந்துட்டு வந்துடணும்." ஆகட்டும் என்பேன்.

பெரியப்பாவின் பிள்ளை டெக்ஸாஸில் இருக்கிறான். மாசத்துக்கு ஒருமுறை குடும்ப வாட்ஸாப் குழுவில் தன் கார், தன் புல்தரை, தன் பிறந்தநாள் கேக் ஆகியவற்றின் படம் போடுவான். ஒரு விடுமுறைக்குக் குடும்பத்தோடு கடற்கரைக்குப் போயிருக்கிறான். அவன் பெண் ஒரு பிளாஸ்டிக் வாளியைப் பிடித்துக்கொண்டு நிற்கிற படம் வந்தது. வாளி நிறையச் சங்குகள். தோளில் முண்டு, நீண்ட வால், எல்லாமே எதிர்ப்பக்கம் வாய் திறந்தவை. கீழே எழுதியிருந்தான், இங்கே வலம்புரி கரையெல்லாம் சும்மா கிடக்கிறது, காலில் இடறுகிறது என்று.

நான் மனசுக்குள் எண்ணிக்கொண்டேன், இப்போதாவது உறைக்கும். ஒரு மரமண்டைக்காவது.

பெரியப்பாதான் முதலில் பதில் போட்டார். "லட்சுமி கடாட்சம் உள்ள பூமி. இல்லாவிட்டால் அந்த தேசம் இவ்வளவு செழிக்குமா?" பெரியம்மா கைகூப்பின படம் ஒன்பது போட்டு, வரும்போது நாலு எடுத்துவரச் சொன்னாள், தன் இரண்டு பெண்களுக்கு ஆளுக்கொன்று, மிச்சம் புதுக் கட்டடத்து வாசலில் பதிக்க. தெருவிலிருந்து சேர்ந்துகொண்ட மற்றவர்கள், குழந்தை கைக்கு வந்த பாக்கியத்தைப் பற்றி எழுதினார்கள். எனக்குச் சிரிப்பு வந்தது, அழுகையும் வந்தது. ஒரு சுறாவுக்குத் தூண்டிலில் ஒருமுறை மாட்டித் தப்பினால் அந்த முள் ஞாபகம் இருக்குமாம், இவர்களுக்கு முள்ளே நைவேத்தியம்.

அம்மாவிடமும் ஃபோன் உண்டு. அவள் பால்கனியில் உட்கார்ந்து அந்தப் படத்தை இரண்டு விரலால் விரித்து விரித்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். அன்று வெள்ளிக்கிழமை இல்லை. ஆனாலும் எழுந்துபோய் மேல்தட்டிலிருந்து பெட்டியை இறக்கி, சங்கைக் கொண்டுவந்து வெயிலில் பிடித்தாள். ஃபோனைப் பார்த்தாள், கையைப் பார்த்தாள். பிறகு சுண்டுவிரலைச் சங்கின் வாய்க்குள் விட்டு மெதுவாகத் தடவினாள். நான் அன்றைக்குக் கூடத்தில் சொன்னது அவ்வளவும் அவள் காதில் விழுந்துதான் இருந்திருக்கிறது.

"வழவழன்னுதான் இருக்கு" என்றாள்.

நான் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். பெரியப்பாவைப் பற்றி, பெரியம்மாவைப் பற்றி, அந்தத் தெருவைப் பற்றிச் சொல்ல எனக்கு வாய் நிறைய இருந்தது. ஆரம்பிக்கப் போனேன்.

"அப்போ என் வீடு?" என்றாள் அம்மா.

அம்மா ஒருநாளும் அப்படிச் சொன்னதில்லை. கல்யாணமாகி வந்த நாள் முதல் அது அவளுக்குப் பெரியவா ஆம், அண்ணா ஆம், மன்னி ஆம். என் வீடு என்ற சொல் அவள் வாயிலிருந்து வந்து நான் கேட்டது அதுதான் முதல் தடவை. என் மனசில் குவிந்திருந்த வசவெல்லாம் அப்படியே நின்றுவிட்டது. போன மாதம் வேலையாக வலியசாலைப் பக்கம் போனபோது நான் பார்த்ததை அவளிடம் சொல்லாமல் வைத்திருந்தேன். இனி வைத்திருக்க முடியவில்லை.

"பின்கட்டை இடிச்சுட்டா அம்மா" என்றேன். "தை வரைக்கும் காத்திருக்கலை. கறிவேப்பிலையும் இல்லை."